எகிப்தின் சட்ட மேதை டாக்டர் ஸன்ஹூரி

ஜொகூரில் 1913-ம் ஆண்டில் மஜல்லா அஹ்காம் ஜொகூர் என்னும் சட்ட நூல் மலாய் மொழியில் வெளியானதை நம்மவருள் சிலர் கேள்விப்பட்டிருக்கலாம். உதுமானியத் துருக்கியில் 1869 முதல் 1876 ஈறாக, ஹனஃபி மத்ஹபின் ஃபிக்ஹு நூல்களிலிருந்து திரட்டி 1851 விதிகளாக வகுக்கப்பட்ட மஜல்லாவைத் தழுவியதே அது. வாங்கல், விற்றல், குத்தகை, ஜாமீன் முதலிய கொடுக்கல் வாங்கல்களுக்கு ஷரீஅத்தை இக்காலக் கோர்ட்டுகளுக்கு ஏற்ற விதிகளாக எழுத முடியும் என்று அந்நூல் காட்டியது.

ஆனால் அல்அஸ்ஹர் இருக்கும் எகிப்து நாடோ அந்த மஜல்லாவை ஏற்கவில்லை. 1875-லும் 1883-லும் பிரெஞ்சுச் சட்டத்தைப் பார்த்தெழுதி வைத்துக்கொண்டது. நிக்காஹ், தலாக், வாரிசுரிமை இவை காதிகளிடம் நின்றன. மற்றவை எல்லாம் பாரிஸிலிருந்து வந்த விதிகளின்படி தீர்க்கப்பட்டன. வெளிநாட்டார் சம்பந்தப்பட்ட வழக்குகளுக்குக் கலப்பு நீதிமன்றம் என்று தனியாக ஒன்று வேறு! இந்த நிலையை மாற்றத் தம் ஆயுளைச் செலவிட்டவரே மர்ஹூம் டாக்டர் அப்துர் ரஸ்ஸாக் அஸ்ஸன்ஹூரி அவர்கள்.

அவர் 1895-ம் ஆண்டு ஆகஸ்ட் 11-ந் தேதி அலெக்ஸாந்திரியா நகரில் பிறந்தார். தகப்பனார் நகரசபையில் ஒரு சிறிய உத்தியோகஸ்தர். பிள்ளை சிறுவனாயிருக்கும்போதே அவர் வஃபாத்தாகிவிட்டார். கெய்ரோவில் நிதி இலாகாவில் குமாஸ்தாவாக வேலை பார்த்துக்கொண்டே சட்டம் பயின்று 1917-ல் தேறினார் ஸன்ஹூரி. அரசாங்க வழக்குரைஞராக மன்ஸூரா நகரில் அமர்ந்தார். 1919-ல் ஆங்கிலேயரை எதிர்த்து எகிப்து கொதித்தெழுந்தபோது, அரசாங்க உத்தியோகத்தில் இருந்துகொண்டே அக்கிளர்ச்சிக்குத் துணை நின்றார். அதற்குப் பரிசாகத் தெற்கே தொலைதூரத்து அஸ்யூத் நகருக்கு மாற்றல் கிடைத்தது. மறு ஆண்டு ஷரீஅத் காதிகளைப் பயிற்றும் கலாசாலையில் ஆசிரியரானார். பிரெஞ்சு முறைச் சட்டம் படித்தவர், தலைப்பாகை கட்டிய மாணவர்களின் நடுவே வந்து நின்றார்.

1921-ல் பிரான்சு தேசத்து லியோன் நகருக்கு மேற்படிப்புக்குச் சென்றார். அங்கே அவருக்கு வாய்த்த பேராசிரியர் எடுவார் லாம்பேர். இவர் கெய்ரோ சட்டக் கல்லூரியின் தலைவராயிருந்து, ஆங்கில அதிகாரிகளோடு ஒத்துப்போகாமல் 1907-ல் ராஜினாமா செய்தவர். 1924-ல் துருக்கி கிலாஃபத்தை ஒழித்தது. உலக முஸ்லிம்கள் கலங்கி நின்ற அவ்வேளையில், கிலாஃபத் பற்றியே ஓர் ஆராய்ச்சி நூல் எழுதி 1926-ல் டாக்டர் பட்டம் பெற்றார் ஸன்ஹூரி. ஒரே மன்னரின் கீழ் எல்லா நாடுகளும் வருதல் இனி ஆகாது, கீழை நாடுகளின் சங்கமாகவே அது மறுபிறவி எடுக்க வேண்டும் என்பது அவருடைய முடிவு. 1969-ல் உருவான இஸ்லாமிய மாநாட்டு அமைப்பையும், அதன் முதல் பொதுச் செயலாளராக நம் துங்கு அப்துல் ரஹ்மான் அவர்கள் அமர்ந்ததையும் நினைக்கும்போது, அந்த மாணவரின் ஏடு வீண்போகவில்லை என்றே நமக்குப் படுகிறது.

தாயகம் திரும்பிச் சர்வகலாசாலையில் சட்டம் போதித்தார். அரசியல் விரோதத்தால் 1934-ல் வேலை போயிற்று. மறு ஆண்டே ஈராக் அழைத்து, பாக்தாத் சட்டக் கல்லூரிக்கு அவரை டீனாக்கியது. அங்கே நிலைமை எகிப்துக்கு நேர்மாறு. ஈராக்கில் வழங்கிய சட்டம் அந்த மஜல்லாவேதான்! ஒரு நாட்டில் பிரெஞ்சுச் சட்டத்தை ஷரீஅத்தை நோக்கி நகர்த்துவது, மற்ற நாட்டில் ஃபிக்ஹை இக்காலத்தை நோக்கி நகர்த்துவது, இரண்டும் ஒருநாள் நடுவழியில் சந்திக்கும் என்பதே அவருடைய கணக்கு. 1936-ல் திரும்பியவர் கெய்ரோ சட்டக் கல்லூரிக்கும் டீனானார். அப்பதவி நெடுநாள் நிலைக்கவில்லை. பின்னர் கலப்பு நீதிமன்றத்திலேயே நீதிபதியாக அமர்ந்ததும், கல்வி மந்திரியானதும் உண்டு.

எகிப்தின் புதிய சிவில் சட்டத்தை எழுதும் பொறுப்பு 1938-ல் லாம்பேரிடமும் அவரிடமும் ஒப்படைக்கப்பட்டது. பத்தாண்டு உழைப்பு. 1149 விதிகள் கொண்ட அச்சட்டம் 1948-ல் நிறைவேறி, கலப்பு நீதிமன்றங்கள் மூடப்பட்டதற்கு மறுநாள், 1949 அக்டோபர் 15-ல் அமலுக்கு வந்தது. எழுதிய சட்டத்திலும் வழக்காற்றிலும் வழி காணாத நீதிபதி ஷரீஅத்தின் கோட்பாடுகளைப் பார்த்துத் தீர்ப்பளிக்க வேண்டும் என்று அதன் முதல் விதியே கூறியது. அண்டை வீட்டாருக்குள்ள ஷுஃப்ஆ உரிமை, மரண நோயில் கிடப்பவர் செய்யும் விற்பனை, கடன் தீர்ந்த பிறகே வாரிசுகளுக்குச் சொத்து என்பன ஃபிக்ஹிலிருந்து வந்தவை. எதிர்பாராத பேராபத்தால் ஒப்பந்தம் ஒருவனை நொடிக்கச் செய்யுமானால் அவன் சுமையை நீதிபதி குறைக்கலாம் என்ற விதிக்கும் ஃபிக்ஹில் ஆதாரம் காட்டினார்.

இருந்தும், செனட் சபையின் கமிட்டி முன் வந்த நீதிபதி ஹஸன் அல்ஹுதைபி இதை விவாதிக்கவே மறுத்துவிட்டார். குர்ஆனையும் சுன்னாவையும் அடிப்படையாகக் கொள்ளாத சட்டத்தில் விதிவிதியாகத் திருத்தம் சொல்லி என்ன பயன் என்பது அவர் கட்சி. 1951-ல் இக்வானுல் முஸ்லிமீன் இயக்கத்தின் தலைவரானவர் இவரே. வட்டி விஷயத்தைப் பார்த்தால் நம் உள்ளமும் அவர் பக்கமே சாய்கிறது. கூட்டு வட்டி கூடாது, வட்டி முதலை மீறக்கூடாது என்று கட்டிப்போட்ட ஸன்ஹூரி, நூற்றுக்கு ஏழு வரை ஒப்பந்த வட்டியை அனுமதித்தார். ரிபா ஹராம் என்பதை அவர் மறுக்கவில்லை; முதலாளித்துவப் பொருளாதாரம் நீடிக்கும்வரை நிர்ப்பந்தம் என்றே வாதித்தார். இவ்வாதத்தை உலமாக்களில் பலர் ஏற்கவில்லை. நாமும் ஏற்பதற்கில்லை. ஆனால் ஹுதைபி ஒதுங்கிய இடத்தில் உட்கார்ந்து விதிவிதியாக எழுதியவர் ஸன்ஹூரி. ஷரீஅத் என்ற சொல் எகிப்தின் சிவில் சட்டத்துடைய முதல் விதியில் ஏறியது அவர் எழுதியதால்தான்.

1949-ல் அரசுக் கவுன்சில் எனும் நீதிமன்றத்தின் தலைவரானார். குடிமகன் அரசாங்கத்தின் மேலேயே வழக்குத் தொடுக்கும் இடம் அது. 1952 ஜூலையில் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. கலைந்திருந்த பார்லிமெண்டைக் கூட்டாமலே குழந்தை மன்னருக்குப் பிரதிநிதிகளை நியமிக்கலாம் என்று கவுன்சில் அபிப்பிராயம் தந்தது. ஒரே ஒருவர்தான் மாறுபட்டார். ராணுவத்துக்கு அது பெரும் வசதியாயிற்று. ஸன்ஹூரி அவர்கள் நாடு சீர்படும் என்று நம்பியே இதற்குத் துணைபோனார் என்றாலும், அவர் வாழ்வில் நம்மால் எளிதில் கடந்து செல்ல முடியாத இடம் இது.

இரண்டே ஆண்டுகள்! ராணுவம் பாசறைக்குத் திரும்புவதா, ஆட்சியில் நீடிப்பதா என்ற சச்சரவு முற்றிய 1954 மார்ச் 29-ல், கவுன்சிலின் பொதுச் சபை கூடி ஜனநாயகத்துக்குச் சாதகமாகத் தீர்மானம் செய்யப்போகிறது என்ற செய்தி பரவியது. ஒரு கும்பல் நீதிமன்றத்துக்குள் பாய்ந்தது. ஐம்பத்தெட்டு வயது நீதிபதியை அடித்துக் காயப்படுத்தியது. அடுத்த மாதம், பழைய மந்திரிகளின் அரசியல் உரிமையைப் பறித்த உத்தரவின் கீழ் அவர் பதவியும் பறிபோயிற்று.

பின்பு பேனாவே துணை. ஃபிக்ஹில் உரிமைகளின் மூலங்கள் பற்றி ஆறு பாகங்கள், 1954 முதல் 1959 வரை. தாம் எழுதிய சிவில் சட்டத்துக்கு அல்வஸீத் எனும் பத்துப் பாக விளக்கவுரை. 1952-ல் தொடங்கியது 1970-ல் முடிந்தது. அவர் விதைத்த ஈராக் சிவில் சட்டம் 1951-ல் நிறைவேறிற்று. சிரியா, லிபியா நாடுகள் எகிப்துச் சட்டத்தைத் தழுவின. குவைத்தும் அவரை அழைத்துச் சட்டம் எழுதுவித்தது.

1971 ஜூலை 21-ல் அவர் வஃபாத்தானார். அவருடைய நாட்குறிப்புகளை மகள் நாதியாவும் மருமகன் தௌஃபீக் அஷ்ஷாவியும் 1988-ல் நூலாக வெளியிட்டனர். எகிப்துச் சட்டத்தையும் ஈராக் சட்டத்தையும் அவர் படிக்கட்டுகளாகவே எண்ணியிருந்தார். அரபு நாடுகள் அனைத்துக்கும் பொதுவாக, முழுதும் ஃபிக்ஹிலிருந்தே எழும் ஒரு சிவில் சட்டத்தை அவற்றின் மேல் கட்ட நினைத்தார். அதை எழுத அவருக்கு ஆயுள் போதவில்லை.