சுரேந்திரநாத பானர்ஜி

நீதிமன்றத்திற்கெனத் தனிப்படை யாதும் இல்லை. மக்கள் அதன்பால் வைக்கும் மதிப்பே அதற்கு வலிமை. அம்மதிப்பைக் காத்தற்பொருட்டே அவமதிப்புச் சட்டம் எழுந்தது. எனினும், நீதிபதியின் செயலைக் குறைகூறக் குடிமக்கட்கு எத்துணை உரிமை உண்டு என்பது என்றும் எழும் வினாவாம். அவ்வினாவால் சிறை புகுந்தவர் வங்க நாட்டுப் பெரியார் சுரேந்திரநாத பானர்ஜி ஆவர்.

அவர் 1848-ஆம் ஆண்டு கல்கத்தாவிற் பிறந்தார். 1869-இல் ஐ. சி. எஸ். தேர்வில் வெற்றி பெற்றுச் சில்ஹெட்டிற் பணியேற்றார். அலுவலில் நேர்ந்த பிழையொன்றைக் காரணங்காட்டி 1874-இல் அரசாங்கத்தார் அவரை நீக்கினர். அதன்பின் அவர் கல்கத்தாக் கல்லூரிகளில் ஆங்கிலம் கற்பித்து மாணவர் உள்ளங்களைக் கவர்ந்தார். 1879 முதல் பெங்காலி என்னும் பத்திரிகையையும் நடத்தி வந்தார்.

1883-இல் கல்கத்தா உயர்நீதிமன்ற நீதிபதி நாரிஸ் என்பார், ஒரு வழக்கின் பொருட்டுச் சாளக்கிராமம் ஒன்றை நீதிமன்றத்திற்குக் கொணர்வித்தார். பிறிதொரு பத்திரிகையிற் கண்ட செய்தியை அவ்வாறே நம்பிய பானர்ஜி, இந்துக்களின் உள்ளம் புண்பட்டதென வெகுண்டார். பதினேழாம் நூற்றாண்டில் இங்கிலாந்தில் இகழ்ச்சியுற்ற ஜெப்ரிஸ், ஸ்கிராக்ஸ் என்னும் நீதிபதிகளை நினைவூட்டி, நாரிஸ் தம் உயர்பதவிக்குத் தகுதியற்றவர் எனத் தம் பத்திரிகையில் எழுதினார். வழக்கின் இருதிறத்தாரும் இசைந்த பின்னரே அது கொணரப்பட்டதென்பது பின்னர்த் தெரியவந்தது.

அவமதிப்புக் குற்றத்திற்குக் காரணங்காட்டுமாறு பானர்ஜிக்கு ஆணை பிறந்தது. அவர் தம் பிழையை உணர்ந்து, உமேச சந்திர பானர்ஜி என்னும் பாரிஸ்டர் வாயிலாக மன்னிப்பு வேண்டினார். ஆயினும் மே 5-ஆம் நாள் நீதிபதிகள் ஐவருள் நால்வர் இரண்டு திங்கள் சிறை விதித்தனர். இந்தியராகிய ரமேச சந்திர மித்திரர் ஒருவரே அபராதம் போதுமெனக் கருதினார். செய்தி கேட்ட மாணவர் கொதித்தெழுந்து நீதிமன்றத்தின் சன்னல்களை உடைத்தனர். அவர்களுள் ஒருவர், பின்னாளில் அதே நீதிமன்றத்தின் நீதிபதியாய் வீற்றிருந்த அசுதோஷ் முகர்ஜி!

மாணவர் கல்லெறிந்தனர், ஆசிரியரோ அமைதியாய்ச் சிறை சென்றார். தண்டனையை எதிர்த்து இலண்டன் பிரிவி கௌன்சிலுக்கு விண்ணப்பம் போயிற்று. அம்மன்றம் உயர்நீதிமன்றத்தின் அதிகாரத்தையே உறுதி செய்தது. ஜூலை 4-ஆம் நாள் விடுதலையான அவரை நாடே போற்றிற்று. 1895-இலும் 1902-இலும் காங்கிரசுக்குத் தலைமை தாங்கிய அவர், 1921-இல் வங்க மாகாண அமைச்சராகி, 1925-இல் மறைந்தார்.

இன்று நம் நாட்டில் வழங்கும் 1971-ஆம் ஆண்டுச் சட்டம், முடிவுற்ற வழக்கின் தீர்ப்பைப் பற்றிய நேர்மையான திறனாய்வைக் குற்றமெனக் கொள்ளாது. உளமார்ந்த மன்னிப்பினை நீதிமன்றம் ஏற்றுத் தண்டனையை நீக்கவும் அதில் இடமுண்டு. பானர்ஜி காலத்தில் இத்தகைய தெளிவான வரையறை இல்லை.

அன்பர்களே! ஆணைக்குப் பணிதல் வேறு. அதனைச் செம்மையானதென ஒப்புதல் வேறு. பானர்ஜி பணிந்தார், மேல்மன்றத்தில் வழக்கும் உரைத்தார். எழுதுமுன் உண்மையை ஆராயாமை அவர் பிழை. அப்பிழையை ஒளியாது ஒப்புக்கொண்டமை அவர் பெருமை. எழுதுகோல் ஏந்தும் நாம் இவ்விரண்டையும் நினைவில் இருத்துவோமாக.