நிலம் தந்த துணிவு: துன் வீ. தி. சம்பந்தன்

மலாயாவின் ரப்பர்த் தோட்டங்களில் வேலை செய்யத் தமிழகத்திலிருந்து ஆயிரக்கணக்கானோர் வந்தனர். காடு தோட்டமானது, தோட்டத்தில் கோயிலும் தமிழ்ப்பள்ளியும் எழுந்தன. ஆயினும், பாட்டாளிகள் குடியிருந்த வீடுகள் அவர்களுக்குச் சொந்தமாக இல்லை.

இந்நிலையை மாற்ற முனைந்தவர் துன் வீ. தி. சம்பந்தன். இவர் 1919ஆம் ஆண்டு பேராக் மாநிலத்தின் சுங்கை சிப்புட்டில் பிறந்தார். அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் பயின்றார். 1955இல் மலாயா இந்தியர் காங்கிரஸின் தலைவரானார். மலாய், சீனத் தலைவர்களுடன் இணைந்து நாட்டின் விடுதலைக்கு உழைத்தார்.

1957இல் நாடு விடுதலை பெற்றது. ஆனால், தோட்டங்களில் புதிய சிக்கல் தோன்றியது. வெளிநாட்டு முதலாளிகள் பலர் தோட்டங்களை விற்றனர். வாங்கியவர்கள் அவற்றைத் துண்டாடினர். பாட்டாளிகள் பலர் வேலையுடன் வீட்டையும் இழந்தனர்.

விற்கப்படும் தோட்டத்தைப் பாட்டாளிகளே வாங்கினால் என்ன என்று சம்பந்தன் சிந்தித்தார். 1960இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். ஒரு பங்கின் விலை 100 வெள்ளி. அன்றைய கூலிக்கு அது பெருந்தொகை. எனவே, மாதம் 10 வெள்ளியாகச் செலுத்த வழி செய்யப்பட்டது. அவர் தோட்டந்தோறும் சென்று திட்டத்தை விளக்கினார். மக்கள் நம்பிக்கையுடன் சேர்ந்தனர். சங்கம் முதலில் கெடா மாநிலத்தின் புக்கிட் சீடிம் தோட்டத்தை வாங்கியது; பின்னர் மேலும் பல தோட்டங்களை வாங்கியது.

பிற்காலத்தில் தேசிய ஒற்றுமை அமைச்சராகவும் பணியாற்றிய சம்பந்தன், 1979இல் மறைந்தார். கூலிக்கு வந்தவர்களின் பிள்ளைகள் நிலத்தின் பங்குதாரர்களாக நிமிர்ந்து நின்றதே அவரது உழைப்பின் பயனாகும்.