கூனிமேட்டிலிருந்து அமெரிக்கா வரை!

சென்னையிலிருந்து கிழக்குக் கடற்கரைச் சாலை வழியாகப் புதுச்சேரிக்குப் போயிருக்கிறீர்களா? மரக்காணம் வந்ததும், பாத்தி பாத்தியாக உப்பளங்கள் தெரியும். கோடைக் காலம் என்றால் வெள்ளை வெளேரென்று உப்பைக் குவித்து வைத்திருப்பார்கள். அதைத் தாண்டித் தெற்கே போனால், கடலோரம் கூனிமேடு என்ற ஊர் வரும்.

இந்தச் சின்ன ஊருக்கும், அமெரிக்காவின் புகழ்பெற்ற யேல் பல்கலைக்கழகத்துக்கும் தொடர்பு உண்டு. ஆச்சரியமாக இருக்கிறதா? இரண்டையும் இணைக்கும் மனிதர், எலிஹு யேல்.

இவர், 1649-ஆம் ஆண்டு ஏப்ரல் 5-ஆம் நாள், அமெரிக்காவின் பாஸ்டன் நகரில் பிறந்தார். அப்போது அமெரிக்கா தனி நாடு அல்ல. அந்தப் பகுதி ஆங்கிலேயரின் குடியேற்றமாக இருந்தது. யேலுக்கு மூன்று வயதானபோது குடும்பம் இங்கிலாந்து திரும்பியது. அதன்பின் தன் வாழ்நாளில் ஒருமுறைகூட அவர் அமெரிக்க மண்ணை மிதிக்கவில்லை!

1672-ல், கிழக்கிந்தியக் கம்பெனியின் சாதாரண எழுத்தராகச் சென்னை வந்து சேர்ந்தார். ஆண்டுச் சம்பளம் வெறும் 10 பவுன்.

துணி வாங்கி விற்கும் கம்பெனிக்கு, சென்னைக்குத் தெற்கேயும் வணிகத் தலங்கள் தேவைப்பட்டன. அப்போது செஞ்சி மராட்டியர் வசம் இருந்தது. அவர்களுடன் பேசி அனுமதி பெறும் பொறுப்பு யேலிடம் தரப்பட்டது. அதையொட்டி, 1682 வாக்கில் கூனிமேட்டில் கம்பெனியின் பண்டகசாலை தொடங்கியது.

படிப்படியாக உயர்ந்த யேல், 1687-ல் புனித ஜார்ஜ் கோட்டையின் தலைவரானார். அடுத்த ஆண்டே சென்னை மாநகராட்சி உருவானது. 1690-ல், கடலூர் அருகே இருந்த ஒரு கோட்டையை மராட்டியரிடமிருந்து கம்பெனி விலைக்கு வாங்கியது. அதுதான் புனித டேவிட் கோட்டை. எல்லையை எப்படி அளந்தார்கள் தெரியுமா? பீரங்கியால் சுட்டார்கள்! குண்டு விழுந்த தூரம் வரை இருந்த ஊர்கள் எல்லாம் கம்பெனிக்குச் சொந்தமாயின. அவை 'குண்டு கிராமங்கள்' எனப்பட்டன. இந்தக் கோட்டை வந்தபின், கூனிமேட்டின் முக்கியத்துவம் குறைந்துவிட்டது.

யேலின் வாழ்வில் துயரமும் உண்டு. 1688-ல் அவருடைய சிறு வயது மகன் டேவிட் இறந்தான். அவன் அடக்கம் செய்யப்பட்ட இடத்தைச் சுற்றித்தான் பிற்காலத்தில் சென்னை உயர் நீதிமன்ற வளாகம் எழுந்தது.

இப்போது கசப்பான ஒரு செய்தி. அந்த நாட்களில் பஞ்சத்தில் வாடிய ஏழைகள் அடிமைகளாக விற்கப்பட்டனர். ஐரோப்பா செல்லும் ஒவ்வொரு கப்பலிலும் குறைந்தது 10 அடிமைகளை ஏற்ற வேண்டும் என்று முடிவெடுத்த கூட்டத்தில் யேலும் இருந்தார். நம் கரையில் வாழ்ந்தவர்கள், சொந்தபந்தங்களைப் பிரிந்து கடல் கடந்து போனார்கள். 1688-ல்தான் சென்னையில் இந்த ஏற்றுமதிக்குத் தடை வந்தது.

பதவியைப் பயன்படுத்திச் சொந்த வியாபாரத்தில் பணம் சேர்த்தார் என்ற குற்றச்சாட்டு எழுந்ததால், 1692-ல் யேல் பதவி இழந்தார். அடுத்து வந்த நத்தேனியல் ஹிக்கின்சனும் அமெரிக்காவில் பிறந்தவர்தான். சென்னையின் முதல் மேயரும் இவரே!

1699-ல் பெரும் செல்வத்துடன் யேல் இங்கிலாந்து திரும்பினார். அமெரிக்காவின் கனெக்டிகட் பகுதியில், 1701-ல் தொடங்கிய ஒரு சிறு கல்லூரி, கட்டடம் கட்டப் பணமின்றித் தவித்தது. உதவி கேட்டு அவருக்குக் கடிதம் போனது. அவர் 417 புத்தகங்கள், மன்னர் முதலாம் ஜார்ஜின் ஓவியம், 9 பொதி சரக்குகள் ஆகியவற்றை அனுப்பினார். பொதிகளில் மஸ்லின், காலிகோ துணிகளும் இருந்தன. சரக்குகளை விற்றதில் 560 பவுனுக்கு மேல் கிடைத்தது. நன்றியாக, 1718-ல் கல்லூரிக்கு அவர் பெயர் சூட்டப்பட்டது.

1721-ல் யேல் லண்டனில் காலமானார். 55 ஆண்டுகள் கழித்து, 1776-ல் அமெரிக்கா பிரிட்டன் மன்னரின் ஆட்சியை உதறியது. ஆனால், கல்லூரியின் பெயரை மாற்றவில்லை. அரசியல் உறவு அறுந்தது. கல்வி உறவு நிலைத்தது.

அடிமை முறையோடு தனக்கிருந்த பழைய தொடர்புகளுக்காக, 2024-ல் யேல் பல்கலைக்கழகம் பகிரங்கமாக மன்னிப்புக் கேட்டது.

குட்டீஸ், கொடுத்தவரின் பெயர் 300 ஆண்டுகள் தாண்டியும் நிற்கிறது. கப்பலேற்றப்பட்டவர்களின் பெயர்கள் எங்குமே பொறிக்கப்படவில்லை. அடுத்தமுறை மரக்காணம் உப்பளங்களைக் கடந்து கூனிமேடு பக்கம் போகும்போது, அவர்களையும் ஒரு நிமிடம் நினைத்துக்கொள்ளுங்கள், சரியா?