அல் ஸ்மித்: மதத்தின் பெயரால் சந்தேகிக்கப்பட்ட வேட்பாளர்

1928ஆம் ஆண்டு ஐக்கிய அமெரிக்காவில் ஜனாதிபதித் தேர்தல் நடந்த காலத்தில் ஒரு புகைப்படம் கைமாறிக்கொண்டிருந்தது. நியூயோர்க்கையும் நியூ ஜேர்சியையும் ஹட்சன் ஆற்றின் அடியால் இணைக்கும் ஹொலண்ட் சுரங்கப்பாதையில் நியூயோர்க் ஆளுநர் நிற்கும் படம் அது. அந்தப் பாதை முந்திய வருடம்தான் திறக்கப்பட்டிருந்தது. ஆனால் படத்தைப் பரப்பியவர்கள் சொன்ன கதை வேறு. அந்தச் சுரங்கம் கடலுக்கு அடியால் வத்திக்கான் வரை போகிறதாம். இந்த மனிதர் வென்றால் பாப்பரசர் அதன் வழியே வந்து அமெரிக்காவை ஆள்வாராம். இன்று கேட்டால் சிரிப்பு வரும். அன்று அதை நம்பியவர்கள் இருந்தார்கள்.

அந்த ஆளுநர்தான் அல் ஸ்மித். அமெரிக்காவின் பெரிய கட்சியொன்று ஜனாதிபதித் தேர்தலில் நிறுத்திய முதல் கத்தோலிக்கர் அவர்.

1873இல் நியூயோர்க் நகரின் கிழக்குக் கரையோரம், குடியேறிகள் நெருக்கமாக வாழ்ந்த ஏழைப் பகுதியில் அவர் பிறந்தார். தந்தை வண்டிக்காரர். தந்தை இறந்தபோது ஸ்மித் சிறுவன். குடும்பத்தைத் தாங்குவதற்காகப் பள்ளிக்கூடத்தை விட்டு, புல்டன் மீன் சந்தையில் வேலைக்குச் சேர்ந்தார். பிற்காலத்தில் படித்த அரசியல்வாதிகள் பட்டங்களைச் சொல்லிக்கொண்டபோது, தன் பட்டம் மீன் சந்தையில் பெற்றது என்று அவர் வேடிக்கையாகச் சொல்வார்.

1904இல் மாநிலச் சட்டமன்றத்துக்குள் நுழைந்தார். 1911 மார்ச் மாதம் நியூயோர்க்கின் ட்ரையாங்கிள் ஆடைத் தொழிற்சாலையில் தீப்பிடித்து 146 பேர் இறந்தார்கள். பெரும்பாலானோர் இளம் பெண்கள், யூத, இத்தாலியக் குடியேறிகள். கதவொன்று பூட்டப்பட்டிருந்ததால் பலருக்கு வெளியேற வழி இருக்கவில்லை. இதன்பின் அமைக்கப்பட்ட விசாரணை ஆணைக்குழுவின் உபதலைவராக ஸ்மித் தொழிற்சாலைகளை நேரில் சென்று பார்த்தார். தீப் பாதுகாப்பு, பெண்களின் வேலை நேரம், சிறுவர் உழைப்பு ஆகியவை பற்றிய பல சட்டங்கள் அந்த விசாரணையிலிருந்து பிறந்தன.

பின்னர் நான்கு தடவை ஆளுநராகத் தெரிவானார். 1920இல் சட்டமன்றம் ஐந்து சோசலிச உறுப்பினர்களை வெளியேற்றியபோது, அவர்களின் கொள்கையை ஏற்காத ஸ்மித், அந்த வெளியேற்றத்தை எதிர்த்தார். மக்கள் தெரிவு செய்தவர்களை நம்பிக்கையின் பெயரால் விரட்டக்கூடாது என்பது அவர் நிலைப்பாடு. எட்டு வருடங்களில் அதே அநீதி அவரையே தேடி வந்தது.

1927இல் ஒரு சட்டத்தரணி சஞ்சிகையொன்றில் அவருக்குப் பகிரங்கக் கடிதம் எழுதினார். கத்தோலிக்கர் ஒருவரால் பாப்பரசருக்கும் நாட்டின் அரசியலமைப்புக்கும் ஒரே நேரத்தில் விசுவாசமாக இருக்க முடியுமா என்பதே அதன் சாரம். பாப்பரசர்களின் சுற்றுமடல்கள் அதில் எடுத்துக்காட்டப்பட்டிருந்தன. வாழ்நாள் முழுவதும் தவறாமல் பூசைக்குப் போன ஸ்மித், சுற்றுமடல் என்றால் என்ன என்று தன் ஆலோசகர்களிடம் கேட்டார் எனச் சொல்லப்படுவதுண்டு. அவர் பதில் எழுதினார். தன் பதவிக்காலத்தில் மதமும் கடமையும் ஒருபோதும் மோதியதில்லை என்றும், மனச்சாட்சிச் சுதந்திரத்தையும் அரசும் திருச்சபையும் வேறாக இருப்பதையும் தான் ஏற்பதாகவும் விளக்கினார்.

பதில் போதவில்லை. பிரசார ரயில் ஒக்லஹோமாவை நெருங்கியபோது கூ கிளக்ஸ் கிளான் இயக்கத்தினர் கொளுத்திய சிலுவைகள் எரிந்துகொண்டிருந்தன. ஸ்மித் பின்வாங்கவில்லை. ஒக்லஹோமா நகரிலேயே மதவெறியைப் பெயர் சொல்லிக் கண்டித்துப் பேசினார்.

ஹேர்பர்ட் ஹூவர் 444 தேர்தல் கல்லூரி வாக்குகள் பெற்றார்; ஸ்மித்துக்குக் கிடைத்தவை 87. தோல்விக்கு மதம் மட்டும் காரணமல்ல என்பதையும் சொல்ல வேண்டும். நாட்டில் அப்போது செழிப்பு நிலவியது. ஆளும் குடியரசுக் கட்சிக்கு அது சாதகமாயிற்று. ஸ்மித் மதுவிலக்கை எதிர்த்தவர். நியூயோர்க்கின் ஊழல் மலிந்த கட்சி அமைப்பொன்றிலிருந்து வந்தவர். ஆனாலும், உள்நாட்டுப் போருக்குப் பின் ஜனநாயகக் கட்சியின் கோட்டையாக இருந்த தென்பகுதியில் டெக்சாஸ் உட்பட ஐந்து மாநிலங்கள் அவரைக் கைவிட்டதை மதத்தை ஒதுக்கிவிட்டு விளக்க முடியாது.

தோற்றபின் எம்பயர் ஸ்டேட் கட்டடத்தைக் கட்டிய நிறுவனத்துக்குத் தலைமை வகித்தார். 1933இல் ஹிட்லர் யூதர்களை ஒடுக்கத் தொடங்கியபோது நியூயோர்க்கில் நடந்த கண்டனக் கூட்டத்தில் பேசினார். 1944இல் மறைந்தார்.

1928இல் அவர் வேட்பாளராகத் தெரிவானது ஹூஸ்டன் நகரில். 1960இல் அதே நகரில் கத்தோலிக்கரான ஜோன் எப். கென்னடி புரட்டஸ்தாந்து போதகர்கள் முன் நின்று ஏறக்குறைய அதே சந்தேகத்துக்குப் பதில் சொன்னார். அவர் வென்றார். பதவிக்கு மதம் தடையாகக் கூடாது என்று அமெரிக்க அரசியலமைப்பு எழுதப்பட்டது 1787இல். அதைக் கத்தோலிக்கர் விடயத்தில் வாக்காளர்கள் நடைமுறையில் ஏற்க 173 வருடங்கள் சென்றன. ஒரு சட்டத்தை எழுதுவது இலகு. அண்டை வீட்டாரின் மனதிலிருக்கும் சந்தேகத்தைப் போக்குவதுதான் கடினம்.

கொண்டுவரப்படும் செய்தியைத் தீர விசாரிக்குமாறு சூரா அல்ஹுஜுராத் நமக்குக் கட்டளையிடுகிறது. நம் சமூகத்தின் மீது வதந்தி வரும்போது அந்தக் கட்டளையைப் பிறருக்கு நினைவூட்டுகிறோம். பிற மதத்தவர் பற்றிய கதையொன்று நம் கைபேசிக்கு வரும்போதும் அது நமக்கு நினைவுக்கு வர வேண்டும். சுரங்கப்பாதைப் படத்தைக் கைமாற்றியவர்கள் எல்லோரும் கெட்டவர்களாக இருந்திருக்க மாட்டார்கள். அவர்களில் பலர் விசாரிக்காதவர்கள், அவ்வளவுதான்.