வீர விக்கிரம சிங்

மும்பையில் எந்தப் படிவத்தை நிரப்பினாலும் நம்மவர்க்குப் பெயரின் முன்னெழுத்து ஒரு தலைவலி. குடும்பப் பெயர் எங்கே என்பார்கள். ஆனால் அம்முன்னெழுத்தே ஒரு தமிழரைச் சிறையிலிருந்து காத்ததுண்டு. அவர்தாம் வ. வே. சு. ஐயர்.

திருச்சிராப்பள்ளி வரகனேரியில் 1881 ஏப்ரல் 2ஆம் நாள் பிறந்தார். வழக்கறிஞராகி, இரங்கூனில் தொழில் நடத்தி, பாரிஸ்டராக விரும்பி 1907இல் இலண்டன் சென்றார். அங்கே 'இந்தியா ஹவுஸ்' விடுதியில் சாவர்க்கர் முதலியோரோடு பழகிப் புரட்சியாளரானார்.

1910இல் சாவர்க்கர் சிறைப்பட்டார். அடுத்த வலை ஐயருக்கு விரிந்தது. தாடி வளர்த்திருந்த அவர் சீக்கியர் கோலத்தில் இலண்டனை விட்டு நழுவினார். வழியில் ஒற்றர் ஒருவர் அவர் பெட்டிமீது வி. வி. எஸ். என்ற எழுத்துகளைக் கண்டு ஐயுற்றாராம். அவை வீர விக்கிரம சிங் என்னும் தம் பெயரைக் குறிப்பன என்று சற்றும் தடுமாறாமல் விடையளித்தாராம் ஐயர். பிறகு இசுலாமியப் பயணியாக உருமாறி, பிரெஞ்சு ஆட்சியிலிருந்த புதுச்சேரியை அடைந்தார். பாரதியாருக்கும் அரவிந்தருக்கும் தோழரானார்.

வேடம் களைந்த கை எழுதுகோல் பிடித்தது. திருக்குறளை ஆங்கிலத்தில் பெயர்த்து 1916இல் வெளியிட்டார். 'குளத்தங்கரை அரசமரம்' தமிழ்ச் சிறுகதைக்கு வழி திறந்தது. 1920இல் சென்னை திரும்பித் 'தேசபக்தன்' இதழை நடத்தினார். இராஜத்துரோக வழக்கில் ஒன்பது மாதம் பெல்லாரிச் சிறையில் கிடந்தபோது, கம்பனைப் பற்றி ஆங்கிலத்தில் அரியதோர் ஆய்வு நூல் எழுதினார்.

பின்னர்ச் சேரன்மாதேவியில் தமிழ்க் குருகுலம் கண்டார். அங்கே பிராமணச் சிறுவர் இருவர்க்குத் தனியே உணவிடப்பட்டது. பெரியாரும் வரதராஜுலு நாயுடுவும் இதை வன்மையாக எதிர்த்தனர். ஐயரோ அச்சிறுவரின் பெற்றோர்க்குத் தாம் தந்த வாக்கைக் காட்டினார். தமிழகமே கொந்தளித்தது, 1925இல் அவர் பொறுப்பிலிருந்து விலகினார். அவ்வாண்டு ஜூனில் பாபநாசம் அருவியில் விழுந்த மகள் சுபத்திரையைக் காக்கக் குதித்து, மகளோடு தாமும் மறைந்தார். அகவை நாற்பத்து நான்கே.

சீக்கியராகவும் இசுலாமியராகவும் உலகின் முன் நிற்கத் துணிந்தவர், தம் பள்ளிப் பந்தியில் பிறப்பு வேற்றுமையை உடனே துடைத்தெறியத் தயங்கினார். உயிர் காக்கப் பூணும் வேடத்தை ஒரு நாளில் களைந்துவிடலாம்; பிறப்போடு ஒட்டிய வழக்கத்தைக் களைவது அத்தனை எளிதன்று போலும்!

தேவ்நாரில் பல மாநிலத்தாரோடு ஒரே மேசையில் உண்ணும் தோழர்களே, ஐயரின் துணிவைப் போற்றுவோம். அவர் தயங்கிய இடத்தில் நாம் தயங்காதிருப்போம்.