செடிகளுக்கும் சனது தேடிய இப்னுல் பைத்தார் (ரஹ்)

முஸ்லிம்கள் ஆண்ட ஸ்பெயினின் மலகா நகரில், கி.பி. 1197 வாக்கில் பிறந்தவர் ளியாவுத்தீன் அப்துல்லாஹ் இப்னு அஹ்மத். பைத்தார் என்றால் கால்நடை மருத்துவர். அதனால் வந்த இப்னுல் பைத்தார் என்ற பெயரே அவருக்கு நிலைத்துவிட்டது.

செவில்லில் அவருக்கு உஸ்தாதாக அமைந்தவர் அபுல் அப்பாஸ் அந்நபாத்தி (ரஹ்). தாவரவியலோடு ஹதீஸ் கலையிலும் அறிஞர். யார் சொன்னது, யாரிடம் கேட்டது என்று துருவிப் பார்க்கும் குணம் மாணவருக்கு இவரிடமிருந்தே வந்திருக்கும் என்பது என் எண்ணம்.

பண்டைய கிரேக்கர்கள் எந்தச் செடியை எந்த நோய்க்குக் கொடுத்தார்கள் என்பதை டயஸ்கோரிடஸ், காலன் ஆகியோரின் நூல்கள் அரபுக்குக் கொண்டுவந்திருந்தன. ஆனால் பெயரில்தான் சிக்கல். இனம் தெரியாத பல செடிகளை மொழிபெயர்ப்பாளர்கள் கிரேக்கப் பெயரிலேயே விட்டுவிட்டார்கள். செடி மாறிப்போனால் மருந்தே நஞ்சாகிவிடும் அல்லவா?

1219 வாக்கில் ஊரைவிட்டுக் கிளம்பினார். பிஜாயா, துனிஸ், திரிபோலி என வட ஆப்பிரிக்கக் கரையோரமாக நடந்து, ஆசியா மைனர் வரை சென்று, எகிப்து வந்து சேர்ந்தார். அய்யூபி சுல்தான் அல்காமில் அவரைத் தலைமை மூலிகை அறிஞராக நியமித்தார்.

ஹிஜ்ரி 633-இல் டமாஸ்கஸில் அவரைச் சந்தித்த மருத்துவ வரலாற்றாசிரியர் இப்னு அபீ உஸைபிஆ, அவருடன் ஊருக்கு வெளியே சென்று செடிகளைப் பார்த்தவர். ஒரு செடியைக் கண்டால் இப்னுல் பைத்தார் முதலில் அதன் கிரேக்கப் பெயரையும் டயஸ்கோரிடஸ் சொன்னதையும் கூறுவாராம். பிறகு காலன், பிறகு பின்வந்தோர், அவர்களின் கருத்து வேறுபாடுகள், தவறிய இடங்கள் என்று தொடர்வாராம். நூலின் எந்தப் பகுதியில், எத்தனையாவது மருந்தாக அது வருகிறது என்பதையும் மனப்பாடமாகச் சொல்வாராம். மாணவர் நூல்களைப் புரட்டினால், எல்லாம் சொன்னபடியே இருக்கும்!

அவரது 'அல்ஜாமிஃ' நூலில் சுமார் 1,400 மருந்துகளும் உணவுகளும் அகர வரிசையில் உள்ளன. சுமார் 150 ஆசிரியர்களின் கூற்றுகளை, இன்னார் சொன்னது என்று பெயர் குறிப்பிட்டே எடுத்தாள்கிறார். மதிப்புக்குரிய முன்னோர் என்பதற்காகத் தவறை மூடி மறைக்கவில்லை. பெர்பர் மொழிப் பெயர்களையும் ஸ்பெயின் மக்களின் நாட்டுவழக்குப் பெயர்களையும் சேர்த்தே எழுதினார். இடையர்களும் விவசாயிகளும் செடியை அறிந்தது அந்தப் பெயர்களில்தானே. உடலுறுப்புகளின் நோய்வாரியாக 'அல்முக்னீ' என்று இன்னொரு நூலும் எழுதினார்.

ஹிஜ்ரி 646-இல் (கி.பி. 1248) டமாஸ்கஸில் வஃபாத்தானார். 'அல்ஜாமிஃ' 1874-இல் எகிப்தின் பூலாக் அச்சகத்தில் அச்சானது. அடுத்த சில ஆண்டுகளில் லெக்லெர்க் என்ற பிரெஞ்சு மருத்துவர் அதைத் தம் மொழிக்குப் பெயர்த்தார்.