இன்ஜினியர் படித்தவர் ஏன் சர்வர் ஆனார்? வேலைச் சந்தையை வீடு வீடாக ஆராய்ந்த டு பாய்ஸ் யார்?

படிப்பும் திறமையும் இருந்தா நல்ல வேலை கிடைச்சிடும்னு நாம எல்லாருமே நம்புறோம். இந்த நம்பிக்கை எங்கே உடைகிறது என்பதை 19ஆம் நூற்றாண்டிலேயே வீடு வீடாகப் போய்க் கணக்கெடுத்தவர் அமெரிக்க சமூகவியலாளர் டபிள்யூ.இ.பி. டு பாய்ஸ்.

1868ல் மாசசூசெட்ஸ் மாகாணத்தின் கிரேட் பாரிங்டனில் பிறந்தவர். பெர்லினிலும் படித்தார். 1895ல் ஹார்வர்டில் முனைவர் பட்டம் பெற்ற முதல் கறுப்பின அமெரிக்கர் ஆனார்.

அடுத்த ஆண்டு பென்சில்வேனியா பல்கலைக்கழகம் அழைத்தது. பாடம் நடத்த இல்லை. பிலடெல்பியாவின் ஏழாவது வார்டில் வாழும் கறுப்பின மக்களை ஆராய்ந்து தரணும், அவ்வளவுதான். நகரத்தின் சீர்கேட்டுக்கு அவர்கள்தான் காரணம் என்ற பேச்சு அப்போது இருந்தது. புதிதாகத் திருமணமாகியிருந்த டு பாய்ஸ், மனைவி நினாவுடன் அந்த வார்டிலேயே குடியேறினார். கேள்வித்தாளோடு சுமார் 2,500 குடும்பங்களை அவரே நேரில் சந்தித்தார். வீட்டு வேலை செய்பவர்கள் பற்றிய தனி ஆய்வை மட்டும் இசபெல் ஈட்டன் செய்தார். 1899ல் 'தி பிலடெல்பியா நீக்ரோ' புத்தகமாக வெளிவந்தது.

அப்படி என்ன கண்டுபிடித்தார்?

பெரும்பாலானவர்கள் வீட்டு வேலையிலும் கூலி வேலையிலுமே தேங்கிக் கிடந்தார்கள். தொழில் தெரியாதது மட்டும் காரணம் இல்லை. தெரிந்தவர்களையும் பல தொழிற்சங்கங்கள் சேர்க்கவில்லை. முதலாளிகளைக் கேட்டால், வெள்ளைத் தொழிலாளர்கள் இவங்க கூட வேலை செய்ய மாட்டாங்கன்னு கைவிரித்தார்கள். திறந்திருந்த சில வேலைகளுக்கே எல்லாரும் முண்டியடிக்க, கூலி இறங்கியது. வேலையே கிடைக்காத தொழிலைக் கற்க யார் முன்வருவாங்க?

புத்தகத்தில் ஒருவர் வருகிறார். அதே பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தில் மெக்கானிக்கல் இன்ஜினியரிங் படித்தவர். நல்ல மதிப்பெண் பார்த்து வேலை கொடுத்தார்கள். கறுப்பினத்தவர் என்று தெரிந்ததும் சில மணி நேரத்திலேயே அனுப்பிவிட்டார்கள். கடைசியில், கூடப் படித்த வெள்ளையர்கள் சாப்பிட வரும் கிளப்பில் அவர் சர்வர்.

கறுப்பின மக்களின் ஒழுக்கம் பற்றி டு பாய்ஸ் செய்யும் உபதேசம் இன்று படித்தால் நெருடும். ஆனால் வேலைவாய்ப்பு பற்றிய பக்கங்கள் பழசாகவே இல்லை.

ஹார்வர்டு பட்டம் இருந்தும் அந்தப் பல்கலைக்கழகம் அவருக்குப் பேராசிரியர் பதவி தரவில்லை. 1897ல் கறுப்பின மாணவர்கள் படித்த அட்லாண்டா பல்கலைக்கழகத்துக்குப் போனார். 1900 பாரிஸ் கண்காட்சிக்கு மாணவர்களோடு சேர்ந்து கையால் வரைந்த வண்ண வரைபடங்கள் இன்றைய டேட்டா டீம்களுக்கும் பாடம். 1909ல் உருவான என்ஏஏசிபி அமைப்பின் நிறுவனர்களில் ஒருவரும் இவரே.

1963 ஆகஸ்ட் 27ல், 95 வயதில் கானாவில் இறந்தார். மறுநாள் வாஷிங்டனில் வேலையும் சுதந்திரமும் கேட்டுத் திரண்ட பேரணியின் மேடையில்தான் அந்தச் செய்தி அறிவிக்கப்பட்டது.